எட்டு விரல்களும் இரண்டு கொடிகளும்

வரலாறு படிக்கிறம் எண்டு சொன்னால் எங்களிட்ட அநேகமாகக் கேட்கிற அடுத்த கேள்வி, "எந்த ராசாவைப் பற்றி?" எண்டதுதான். ராசா, கல்வெட்டு, போர், ஒப்பந்தம் ஆகியவை இல்லாத இடத்தில் வரலாறும் இல்லை எண்டு நாங்களும் கன காலம் நினைச்சுக்கொண்டுதான் இருந்தம். போன செமஸ்டரில் ஒரு பாடத்துக்காக 1933ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றை வாசிக்க வேண்டி வந்தது. கிழக்குக் கிறீன்லாந்து யாருக்குச் சொந்தம் என்று டென்மார்க்கும் நோர்வேயும் ஹேக் நகரிலிருந்த சர்வதேச நீதிமன்றத்தில் மோதிய வழக்கு அது. வாசித்துக்கொண்டு போகையில் அதே ஆண்டுகளும் அதே கரையும் வேறொரு கதையிலும் வருவதைக் கண்டம். கால் முளைத்த மீன்களின் கதை அது. நாலு கால் உள்ள உயிர்களின் மிகப் பழைய எலும்புகள் கிடைத்த பாறைகளும், இரண்டு நாடுகள் கொடி நாட்டிச் சண்டை பிடித்த நிலமும் ஒன்றுதான்.

விஞ்ஞானத்தை விஞ்ஞானபீடத்து ஆக்களும் சட்டத்தைச் சட்டபீடத்து ஆக்களும் படிக்கட்டும் எண்டு விட்டால், இந்த இரண்டு கதையும் ஒருநாளும் சந்திக்காது. அதால கலைப்பீடத்து மாணவர்களாகிய நாங்கள் இதை எழுதிப் பார்க்கிறம். பிழை இருந்தால் சொல்லுங்கோ.

சிவப்பு மலைகள்

முதலில் பாறை. கிறீன்லாந்து எண்டவுடன் பனிதான் நினைவுக்கு வரும். ஆனால் அதன் கிழக்குக் கரையில், ஏறத்தாழ 73 பாகை வட அகலக்கோட்டில், பனி விலகிய மலைகள் செங்கல் நிறத்தில் நிற்கின்றன. ஈமர் தீவு, கவுஸ் குடாநாடு என்பன அங்குள்ள இடப்பெயர்கள். அந்த மலைகள் மணற்கல்லாலும் சேற்றுக்கல்லாலும் ஆனவை. டெவோனியன் என்று அழைக்கப்படும் காலத்தின் கடைசிப் பகுதியில், அதாவது இன்றைக்கு ஏறக்குறைய 360 மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னர், அங்கு ஆறுகள் ஓடின. அந்தக் காலத்தில் அந்த நிலப்பரப்பு வடதுருவத்துக்குக் கிட்ட இருக்கவில்லை. மத்திய கோட்டுக்கு அருகே, வெக்கையான இடத்தில் இருந்தது. பக்கத்திலிருந்த பெரிய மலைத்தொடர் தேயத் தேய, அந்த மண்ணை ஆறுகள் கொண்டுவந்து தாழ்நிலத்தில் படியவிட்டன. மண்ணிலிருந்த இரும்பு துருப்பிடித்ததால் வந்த நிறம்தான் அந்தச் சிவப்பு. இதே வகைப் பாறை ஸ்கொட்லாந்திலும் வேல்ஸிலும் உண்டு. ஆங்கிலேயர் அதைப் பழைய செம்மணற்கல் என்று அழைத்தார்கள்.

உயிர்ச்சுவடு உருவாகிறதுக்குச் சாவு மட்டும் காணாது. செத்த உடல் கெதியாகப் புதைபட வேண்டும். வெள்ளம் வந்து சேற்றால் மூட வேண்டும். பிறகு அந்தச் சேறு கல்லாகி, மிதமிஞ்சிய சூட்டுக்கும் அழுத்தத்துக்கும் ஆளாகாமல் கிடக்க வேண்டும். கிழக்குக் கிறீன்லாந்தில் இவை எல்லாம் நடந்தன.

எங்கட தீவில ஏன் இப்படி ஒன்று கிடைக்கேல்லை எண்டு கேட்கலாம். இலங்கையின் பத்தில் ஒன்பது பங்கு நிலம் மிகப் பழைய உருமாறிய பாறை. ஏறக்குறைய 550 மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னர், அதாவது கால் உள்ள உயிர்கள் தோன்றுவதற்குக் கன காலத்துக்கு முன்னரேயே, பூமியின் ஆழத்தில் வெந்து உருமாறிய பாறை அது. யாழ்ப்பாணத்துச் சுண்ணக்கல்லோ மறுபக்கமாக மிகவும் இளையது. அது மயோசீன் காலக் கடலில் படிந்தது. இரண்டுக்கும் இடையில் புத்தளம் பக்கம் தப்போவவிலும் ஆண்டிகமவிலும் ஜுராசிக் காலப் படிவுகள் கொஞ்சம் உண்டு. அங்கு தாவரச் சுவடுகள் கிடைத்திருக்கின்றன. ஆனால் மீனுக்குக் கால் வந்த காலத்தின் பக்கம் எங்கட புத்தகத்தில் கிழிஞ்சு போச்சு. அந்தப் பக்கத்தை வாசிக்க வேறு ஊருக்குத்தான் போக வேண்டும்.

1931ஆம் ஆண்டுக் கோடை

அந்தக் கரையில் நோர்வே நாட்டு வேட்டைக்காரர்கள் நரித்தோலுக்காகப் பல காலமாகக் குளிர்காலத்தைக் கழித்து வந்தார்கள். மிக்புக்தா என்ற இடத்தில் அவர்களுக்கு ஒரு வானொலி நிலையமும் இருந்தது. அந்தப் பெயருக்கு 'நுளம்புக் குடா' என்று பொருள். 1931 ஜூன் 27ஆம் திகதி ஹால்வார்ட் டேவோல்ட் என்பவர் தன் கூட்டாளிகளுடன் அங்கு நோர்வேக் கொடியை ஏற்றினார். ஜூலை 10ஆம் திகதி நோர்வே அரசு அதை உத்தியோகபூர்வமாக ஏற்றுக்கொண்டு, 71°30′ முதல் 75°40′ வரையான கரை இனித் தங்களுடையது என்று அறிவித்தது. பழைய வைக்கிங் தலைவன் ஒருவனின் பெயரால் அதற்குச் 'செந்நிற எரிக்கின் நாடு' என்று பெயரும் வைத்தது. டென்மார்க் உடனே வழக்குப் போட்டது.

அதே 1931இல்தான் டென்மார்க்கின் புவியியலாளர் லவுகே கொக் மூன்று வருட ஆய்வுப் பயணமொன்றைத் தொடங்கினார். கப்பல்கள், கடல் விமானங்கள், குளிர்காலம் தங்குவதற்கான நிலையங்கள் என்று அது பெரிய ஏற்பாடு. வரைபடம் வரைவதும் பாறைகளை ஆராய்வதும்தான் வேலை. ஆனால் வழக்கு நடக்கிற நிலத்தில் டென்மார்க்கின் கப்பலும் விமானமும் ஆட்களும் நிற்பதற்கு வேறொரு பொருளும் உண்டு என்பது இரண்டு பக்கத்துக்கும் தெரியும். நிலத்தைத் தோண்ட வாறவரோடு கொடியும் வரும் எண்டதை எங்கட ஊர் ஆக்களுக்கு நாங்கள் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

அந்தப் பயணத்தில் சுவீடன் நாட்டு இளைஞர் ஒருவரும் போனார். பெயர் குன்னார் சேவ-சோடர்பெர்க். 1910இல் பிறந்தவர், அப்போது வயது 21. கிட்டத்தட்ட எங்கட வயசு. அந்தக் கரையில் டெவோனியன் கால மீன்களின் சுவடுகள் இருப்பது 1899இல் போன சுவீடன் பயணத்திலேயே தெரிந்திருந்தது. 1929இல் கிடைத்த சில துண்டுகள் இன்னும் ஆவலைத் தூண்டியிருந்தன. 1931 கோடையில் ஈமர் தீவின் செல்சியஸ் மலைச் சரிவில் தேடிய சேவ-சோடர்பெர்க் மண்டையோடுகளைக் கண்டெடுத்தார். அவை மீனுடையவை அல்ல. அடுத்த ஆண்டே, 1932இல், அந்த உயிருக்கு இக்தியோஸ்டேகா என்று பெயரிட்டு முதற்குறிப்பை வெளியிட்டார். அந்தக் காலத்தில் அறியப்பட்டிருந்த நாற்காலிகளில் ஆகப் பழையது அதுதான். (நாற்காலி எண்டவுடன் கதிரையை நினைக்க வேண்டாம். தவளை, பல்லி, பறவை, நாங்கள் எல்லாருமே நாலு கால் உயிர்களின் வம்சம்.)

1933 ஏப்ரல் 5ஆம் திகதி நீதிமன்றம் 12க்கு 2 என்ற பெரும்பான்மையில் டென்மார்க்குக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. தீர்ப்பில் எந்த உயிர்ச்சுவடும் வரவில்லை. பழைய ஒப்பந்தங்கள், சட்டங்கள், 1919 ஜூலை 22இல் நோர்வேயின் வெளிவிவகார அமைச்சர் ஈலன் வாயால் கொடுத்த உறுதிமொழி ஆகியவைதான் எடைபோடப்பட்டன. ஒரு அமைச்சர் வாய்விட்டுச் சொன்ன வார்த்தை அவரின் நாட்டைக் கட்டுப்படுத்தும் என்பதற்குச் சட்டம் படிக்கிறவர்கள் இன்றும் எடுத்துக்காட்டுவது இந்த வழக்கைத்தான். வழக்கு முடிந்தது. கொக்கின் பயணங்கள் முடியவில்லை. எலும்புகளும் தொடர்ந்து வந்துகொண்டிருந்தன.

ஐந்து எண்டு ஏன் வரைஞ்சவை?

சேவ-சோடர்பெர்க் 1948இல் காசநோயால் இறந்தார். வயது 38. அவர் விட்ட வேலை ஸ்டொக்ஹோம் நூதனசாலையைச் சேர்ந்த எரிக் யார்விக்கின் கைக்குப் போனது. யார்விக் நிதானமான மனிதர். 1952இல் இக்தியோஸ்டேகாவின் வாலைப் பற்றி எழுதினார். காலுள்ள அந்த உயிரின் வாலில் மீனுக்குரிய செட்டை அப்படியே இருந்தது. அதே ஆண்டில் இன்னொரு உயிருக்கு அகாந்தோஸ்டேகா குன்னாரி என்று பெயரிட்டார். குன்னாரி என்பது, இறந்துபோன அந்த இளைஞரின் பெயர். அகாந்தோஸ்டேகாவைப் பொறுத்தவரை மண்டையோட்டின் பகுதிகள் மட்டுமே அப்போது கையில் இருந்தன.

இக்தியோஸ்டேகா பற்றிய முழுமையான நூலை யார்விக் வெளியிட்டது 1996இல். முதல் எலும்பு கிடைத்து 65 ஆண்டுகள். இடைப்பட்ட காலத்தில் உலகம் முழுக்கப் பாடப்புத்தகங்களில் வந்த படம் அவரின் மீளமைப்பை ஒட்டியதுதான். மீன் வால், பருத்த உடம்பு, நாலு கால், காலுக்கு ஐந்து விரல். இந்த ஐந்தில்தான் எங்களுக்கு ஒரு பாடம் இருக்கு. எங்களுக்கு ஐந்து விரல், பல்லிக்கு ஐந்து விரல். ஆகவே முதல் காலுக்கும் ஐந்து விரல்தான் இருந்திருக்கும் என்பது அந்தக் காலத்து எல்லாருடைய எதிர்பார்ப்பும். முடிவு தெரிந்த கதையைத் தொடக்கத்தில் கொண்டுபோய் வைக்கிற பழக்கம் வரலாற்று ஆசிரியருக்கு மட்டும் உள்ளதல்ல எண்டு இதை வாசித்தபோதுதான் உறைச்சது.

காரணம் பற்றிய கதையும் இப்படித்தான். சிவப்புப் பாறை என்றால் வரட்சி என்று அப்போது நம்பினார்கள். குளம் வற்றும்போது மீன்கள் அடுத்த குளத்தைத் தேடித் தரையில் ஊர்ந்தன, அப்படி ஊர ஊரக் கால் வந்தது என்பது அமெரிக்கத் தொல்லுயிரியலாளர் அல்பிரட் ரோமர் பரப்பிய விளக்கம். கேட்க நல்ல கதை. வன்னியில் குளம் வற்றுவதைப் பார்த்த எவருக்கும் உடனே விளங்கும். ஆனால் பிழை.

லாச்சிக்குள் கிடந்த மலை

பிழை என்று காட்டியது அதே மலைகள். 1970இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் புவியியலாளர்கள் கிழக்குக் கிறீன்லாந்துக்குப் போனார்கள். அவர்களின் நோக்கம் அடையற்பாறைகள், எலும்பு அல்ல. ஆனாலும் அவர்களில் ஒரு மாணவர் சில சுவடுகளைப் பொறுக்கி வந்தார். ஸ்டென்சியோ மலையில், 800 மீற்றர் உயரத்தில், மண்டையோட்டுத் துண்டுகள் தாராளமாகக் கிடப்பதாகத் தன் குறிப்புப் புத்தகத்தில் எழுதியும் வைத்தார். அதற்குப் பிறகு 15 ஆண்டுகள் அந்தக் கற்கள் நிலவறையில் ஒரு லாச்சிக்குள் கிடந்தன.

அவற்றைத் தேடிப் போனவர் ஜெனி கிளாக். 1947இல் பிறந்தவர். விலங்கியல் படித்துவிட்டுப் பேர்மிங்காம் நூதனசாலையில் வேலை செய்து, பிறகு ஆராய்ச்சிக்குத் திரும்பி, 1981இல் கேம்பிரிட்ஜ் விலங்கியல் நூதனசாலையில் சேர்ந்தவர். 1985இல் அந்தக் குறிப்புப் புத்தகமும் லாச்சியும் அவரின் பார்வைக்கு வந்தன. உள்ளே இருந்தவை அகாந்தோஸ்டேகாவின் மண்டையோடுகள். 1987 கோடையில் கணவர், மாணவர் பேர் ஆல்பெர்க், கொப்பன்ஹேகன் நூதனசாலையைச் சேர்ந்த ஒருவர் ஆகியோருடன் அந்த மலைக்குப் போனார். பழைய குறிப்பைப் பிடித்துக்கொண்டே சுவடுகள் வெளிப்படுகிற பாறைப் படையைக் கண்டுபிடித்தார்கள். ஒன்றன் மேல் ஒன்றாகப் பல உடல்கள் அங்கு சேர்ந்து கிடந்தன.

கல்லைச் சுரண்டி எலும்பை வெளியே எடுக்கப் பொறுமையும் வருடங்களும் தேவை. 1990இல் மைக்கல் கோட்ஸும் ஜெனி கிளாக்கும் முடிவை வெளியிட்டார்கள். அகாந்தோஸ்டேகாவின் முன்னங்காலில் எட்டு விரல். இக்தியோஸ்டேகாவின் பின்னங்காலில் ஏழு. ரஷ்யாவில் 1984இல் விவரிக்கப்பட்ட துலெர்பெற்றன் என்ற உயிருக்கு ஆறு. ஐந்து என்பது தொடக்கமே அல்ல. அது பிற்காலத்தில் வந்து நிலைத்த எண்ணிக்கை.

அடுத்த ஆண்டு இன்னொரு செய்தி. அகாந்தோஸ்டேகாவுக்கு மீனுக்குரிய உட்பூக்கள் இருந்தன. (பள்ளிக்கூட விஞ்ஞானப் புத்தகத்தில் பூக்கள் எண்டு படிச்சது ஞாபகம் இருக்கும். செவுள் எண்டும் சொல்வினம்.) அதன் கால் உடல் எடையைத் தாங்கித் தரையில் நடக்கக்கூடியதல்ல. துடுப்புப் போன்றது. அதாவது கால் வந்தது தரைக்காக அல்ல. தண்ணீருக்குள், களையும் கிளையும் அடர்ந்த ஆழமில்லாத இடங்களில் வாழ்ந்த உயிருக்குத்தான் கால் முதலில் வந்தது. தரையில் நடந்தது பிறகு, அந்தக் காலை வைத்துக்கொண்டு. 2012இல் இக்தியோஸ்டேகாவின் மூட்டுகளைக் கணினியில் அசைத்துப் பார்த்தபோது அதன் பின்னங்கால் நடைக்கு உதவாது எண்டு தெரிந்தது. எங்கட களப்புகளில் கண்டல் சேற்றில் முன்செட்டையை ஊன்றித் தாவித் தாவிப் போகிற மீனைப் பார்த்திருப்பீங்கள். அது மாதிரித்தான் அதுவும் கரையேறியிருக்கும். 2016இல் அகாந்தோஸ்டேகாவின் கை எலும்புகளுக்குள் இருந்த வளர்ச்சி வளையங்களைச் சக்திவாய்ந்த கதிர்களால் பார்த்தார்கள். ஆறு வயதுக்கு மேலாகியும் அவை முழு வளர்ச்சியடையாத குஞ்சுகள். சேர்ந்து செத்த ஒரு கூட்டம்.

இதால எல்லாம் ஒரு நேர்கோட்டுக் கதை கிடைத்துவிட்டது என்றும் இல்லை. 2010இல் போலந்தில் ஒரு பழைய கற்குழியில் கண்ட காலடித் தடங்கள் இந்த எலும்புகளைவிட ஏறக்குறைய 30 மில்லியன் ஆண்டுகள் பழையவை என்று விவரிக்கப்பட்டன. தடத்தை விட்டது யார் என்ற வாதம் இன்னும் தொடருது.

ஆளில்லாத நிலமா?

இந்தக் கட்டுரைக்காக நாங்கள் பார்த்த வரைபடத்தில் இடப்பெயர்களை வாசித்தால் அது ஐரோப்பாவின் வருகைப்பதிவேடு மாதிரி இருக்கு. பிரான்ஸ் ஜோசப் மன்னரின் நுழைகுடா, கவுஸ் குடாநாடு, ஸ்டென்சியோ மலை. பேரரசர், கணிதர், பேராசிரியர். அந்த நிலத்தில் வேறு ஆக்களே இருக்கேல்லையா?

இருந்தார்கள். 1823இல் டக்ளஸ் கிளாவரிங் என்ற ஆங்கிலேயக் கப்பல் தலைவர் அந்தக் கரையில், 74 பாகை அளவில், 12 இனுவிற் மக்களைச் சந்தித்தார். அவர்களை வெளியாட்கள் கண்டது அதுவே முதலும் கடைசியும். பிறகு வந்தவர்கள் கண்டது அவர்களின் வீட்டுத் தடங்களைத்தான். 1931இல் கொக்கின் பயணம் கட்டிய நிலையங்களில் ஒன்று அந்தக் கிளாவரிங் தீவின் தென்கரையில், பழைய வீட்டுத் தடங்கள் உள்ள இடத்தில்தான் எழுந்தது. வழக்கில் இரண்டு நாடும் அந்த நிலத்தைப் பற்றி வாதாடின. அங்கு வாழ்ந்து மறைந்தவர்கள் அதில் தரப்பு அல்ல.

தெற்கே, 1925இல், டென்மார்க் ஏறக்குறைய 80 பேரைக் கொண்டுபோய்ப் புதிய குடியேற்றமொன்றை அமைத்தது. இன்று அதன் பெயர் இற்றொக்கொர்தூமீற். பழைய ஊரில் வேட்டை குறைந்துவிட்டது என்பது ஒரு காரணம். நோர்வே வரமுன்னம் கரையில் ஆள் இருக்க வேண்டும் என்பது மற்றக் காரணம். கனடாவும் இதையே செய்தது. 1953இலும் 1955இலும் கியூபெக்கின் வடக்கிலிருந்து 80க்கும் மேற்பட்ட இனுவிற் மக்களை 2000 கிலோமீற்றர் வடக்கே கொண்டுபோய் இறக்கியது. சிலரை எல்ஸ்மியர் தீவின் தென்கரையில். விரும்பினால் திரும்பி வரலாம் என்ற வாக்குறுதி காப்பாற்றப்படவில்லை. கனடா அரசு மன்னிப்புக் கேட்டது 2010இல். தங்களைக் கொடிக்கம்பங்களாக நட்டார்கள் என்று அந்த மக்கள் சொல்வதுண்டு.

அதே எல்ஸ்மியர் தீவில்தான், 2004இல், நீல் ஷூபினும் டெட் டேஷ்லரும் அவர்களின் குழுவும் இன்னொரு புகழ்பெற்ற சுவட்டைக் கண்டார்கள். 375 மில்லியன் ஆண்டு பழைய பாறையில், கழுத்தும் மணிக்கட்டும் உள்ள ஒரு மீன். 1999இலிருந்து தேடிய தேட்டம். ஆனால் பெயர் வைக்கும் நேரம் வந்தபோது ஒரு மாற்றம் நடந்தது. அந்த நிலம் இப்போது நுனாவுட் என்ற இனுவிற் ஆட்சிப்பகுதி. தோண்டுவதற்கு அவர்களின் அனுமதி தேவை. ஆய்வாளர்கள் அங்குள்ள மூத்தோர் அவையிடம் பெயர் கேட்டார்கள். மூத்தோர் சொன்ன பெயர் திக்தாலிக். அவர்களின் மொழியில், ஆழமில்லாத நன்னீரில் வாழும் பெரிய மீன். 2006இல் அந்தப் பெயரோடுதான் அது உலகத்துக்கு வந்தது.

பெயர் வைச்சதால இடம்பெயர்ந்தவர்களின் வலி தீர்ந்துபோச்சு எண்டு நாங்கள் சொல்லவரேல்லை. ஆனால் 1932இல் கிரேக்கப் பெயரும் 2006இல் இனுவிற் பெயரும் வந்ததுக்கு இடையில் ஏதோ ஒன்று நடந்திருக்கு. அதைத் தானாக எவரும் குடுக்கேல்லை. அந்த மக்கள் பல தசாப்தங்களாகக் கேட்டு வாங்கின நில உரிமைதான் அதுக்கு அடிப்படை. கிறீன்லாந்திலும் 1979இல் உள்ளூர் ஆட்சியும் 2009இல் விரிந்த சுயாட்சியும் வந்தன. கொப்பன்ஹேகனிலிருந்து ஏறக்குறைய 35,000 தொல்பொருட்கள் கிறீன்லாந்துக்குத் திரும்பிப் போயிருக்கின்றன.

நாங்கள் இதிலிருந்து எடுத்துக்கொள்வது இரண்டு விசயம். ஒன்று, கால் தரைக்காக வரவில்லை. பிற்காலத்துப் பயனை முற்காலத்துக் காரணமாக எழுதுவது எவ்வளவு இலகுவான பிழை என்று அந்த எட்டு விரலும் காட்டுது. "இந்த நிலம் எப்பவும் எங்களுக்கெண்டே இருந்தது" எண்டு தொடங்கும் வரலாறுகளும் அதே பிழையில்தான் நிற்கின்றன, எந்த மொழியில் எழுதினாலும், எங்கட மொழியில் எழுதினாலும். மற்றது, அந்தச் சிவப்பு மலை 360 மில்லியன் ஆண்டாக அந்தச் சுவடுகளை வைத்திருந்தது. கொடிகள் வந்து இன்னும் 100 வருசம் கூட ஆகேல்லை. அடுத்த முறை ஆரும் ஒரு கல்லைக் காட்டி இது எங்கட கல் எண்டு சொன்னால், அந்தக் கல் என்ன சொல்லுது எண்டு கேட்கிறதோட, அதுக்குப் பக்கத்தில் வீடு வைத்திருந்த ஆக்கள் எங்கே போனவை எண்டும் கேட்கப் பழகுவம்.